நாடா கட்டிய ஃப்ரிட்ஜ்

தக்காளிச் சாறு கெட்டுப்போவதில்லை. முதிர்ச்சி அடைகிறது. மூன்று வருடம் நுண்ணுயிரியல் படித்தும் இது எனக்குத் தெரிந்திருக்கவில்லை. தளிர் ஊட்டச்சத்து வாரியத்தில் சேர்ந்த பிறகுதான் தெரிந்தது.

திருவொற்றியூரிலிருந்து எண்ணூர் வரை உள்ள குழந்தைகள் மையங்களுக்குத் தக்காளிச் சாறு கொடுப்பதுதான் வாரியத்தின் வேலை. ஏன் தக்காளிச் சாறு என்று யாரும் கேட்டதில்லை. நான் கேட்டேன். வாரியத் தலைவர் ஒருமுறை வெளிநாட்டு விமானத்தில் அதைக் குடித்தார் என்று பதில் வந்தது. ஐந்து லிட்டர் டின்னில் வரும். மையத்துக்கு இருபது பிள்ளைகள், ஆளுக்கு ஒரு சின்ன டம்ளர். திங்கட்கிழமை திறக்கிற டின் வெள்ளிக்கிழமை வரை வரவேண்டும். கணக்கு சரியாக இருந்தது. வெயிலை மட்டும் கணக்கில் எடுக்கவில்லை.

எனக்குத் தரக் கண்காணிப்பு உதவியாளர் வேலை, தற்காலிகம். நேர்காணலில் என் சான்றிதழ்களைப் புரட்டியவர் துணை இயக்குநர் சுகிர்தம் மேடம்.

“எழில்மொழி. எம்.கே.பி. நகரா? வூட்ல மொத டிகிரி நீதானா?”

“ஆமாம் மேடம்.”

“எங்க வூட்ல நான்தான். ராயபுரம். எங்கப்பா லூயிசு ஹார்பர்ல மூட்டை தூக்குனாரு. இந்த ஆபீசுல எதுக்கும் பயப்படாத பாப்பா. இன்னா பாக்குறியோ அத்த அப்படியே எழுதிக் குடு. மீதிய நான் பாத்துக்குறேன்.”

அன்று மதியம் தன் டிபன் பாக்ஸிலிருந்து வஞ்சிர வறுவலில் பாதியைப் பிய்த்து என் தட்டில் வைத்தார். கல்லூரியில் என் பேச்சைக் கேட்டுச் சிரித்த பேராசிரியைகளையெல்லாம் அந்தப் பாதி வறுவலோடு மறந்தேன்.

மேடத்தின் நாற்காலிக்குப் பின்னால் பெரிய போஸ்டர் ஒன்று மாட்டியிருந்தது. எர்ணாவூர் மையத்தில் சாறு வழங்கும் திட்டத்தின் தொடக்க விழாவில் எடுத்த படம். ஓரத்தில் தேதி, பிப்ரவரி 2. நீல மூடி போட்ட கண்ணாடி ஜாடி நிறையத் தக்காளிச் சாறு. தலைவர் அதைப் புது ஃப்ரிட்ஜுக்குள் வைத்துக்கொண்டே கேமராவைப் பார்த்துச் சிரிக்கிறார். கீழே, ‘பாதுகாப்பான சேமிப்பு, பாதுகாப்பான எதிர்காலம்’. அந்தப் படத்தை நான் தினமும் பார்த்தேன். படம் எடுத்த பிறகு ஜாடி எங்கே போனது என்று நுண்ணுயிரியல் படித்த எனக்குத் தோன்றவே இல்லை.

மே மாதம், ஒரு புதன்கிழமை எர்ணாவூர் மையத்துக்குப் போனேன். பதினாறு வருடமாக அங்கே ஆயாவாக இருப்பவர் கெங்கம்மா. டின் ஜன்னல் ஓரம், வெயிலில் இருந்தது. மூலையில் ஆளுயர ஃப்ரிட்ஜ். அதன் குறுக்கே சிவப்பு நாடா, நடுவில் பெரிய பூ முடிச்சு.

“அக்கா, ஃப்ரிட்ஜ் இருக்கே, சாறு ஏன் வெளியில இருக்கு?”

“ஃப்ரிட்ஜி கீது. இன்னும் தொறக்கல.”

“கதவை இழுத்தா திறந்துக்கும்.”

“கதவ சொல்லல பாப்பா, விழாவ சொல்றேன். சாறு ஒரு பிரிவாம், ஃப்ரிட்ஜி வேற பிரிவாம். அதுக்குத் தனி விழாவாம். பிப்ரவரில வந்தாங்க. போட்டோ புடிச்சாங்க, கதவ சாத்தினாங்க, நாடாவ கட்டிட்டுப் பூட்டாங்க. நாடாவுல கை வெச்சா சீட்டு கிழிஞ்சிடும்னாங்க. நான் தெனம் அதுக்குத் தூசி தட்டிக்கினு கீறேன்.”

“கரண்ட்டாவது குடுத்திருக்கா?”

“பிளக்க தலைவரு கையாலதான் சொருவணுமாம்.”

ஃப்ரிட்ஜைச் சுற்றித் தரையில் எறும்புச் சாக்பீஸால் தடியாகக் கோடு போட்டிருந்தது. அதையும் தாண்டி எறும்புகள் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தன.

“இன்னாத்துக்குன்னு தெர்ல, வந்துகினே கீது,” என்றார் கெங்கம்மா. “காலிப் பொட்டியில துன்றதுக்கு இன்னா கீது?”

இரண்டு பேரும் சிரித்தோம்.

டின்னின் பிளாஸ்டிக் மூடி மேலே உப்பியிருந்தது. “மாசமா கீற மாதிரி கீதே இது,” என்று சொல்லிக்கொண்டே கெங்கம்மா மூடியை நெம்பினார். புஸ்ஸென்று காற்று வந்தது. மேலே நுரை. கள்ளுக்கடை வாசலில் நிற்பதுபோல ஒரு வாடை. ருசி பார்க்க அவர் கரண்டியை எடுத்தார். நான் பிடுங்கினேன்.

பிள்ளையைக் கூட்டிப்போக வந்த ரிஃபானா வாசலிலேயே மூக்கை மூடிக்கொண்டாள். “நேத்து இத்த குடிச்சிட்டுதான் எம் புள்ள மூணு வாட்டி வாந்தி எடுத்துச்சு. வெயிலுன்னு சொன்னீங்களே, வெயிலு இப்படித்தான் நாறுமா?”

பிள்ளைகள் தூங்கிய நேரத்தில் கெங்கம்மாவுக்குச் சொல்லிக்கொடுத்தேன். திறந்த சாற்றை டின்னிலேயே விடக்கூடாது. கழுவிக் காயவைத்த கண்ணாடிப் பாட்டிலில் ஊற்றி, இறுக மூடி, திறந்த தேதியை மேலே எழுதி, உடனே ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும். வெளியே விட்டால் இரண்டு மணி நேரம்தான் தாங்கும், நம் ஊர் வெயிலில் ஒரு மணி நேரம். ஃப்ரிட்ஜில் இருந்தாலும் ஐந்து நாளில் முடித்துவிட வேண்டும்.

“மேல பூஞ்சை பூத்தா வயிச்சிப் போட்டுட்டு அடியில கீறத குடுக்கலாமா?”

“கூடாது. கண்ணுக்குத் தெரியாம அடிவரைக்கும் போயிருக்கும். மொத்தமும் கொட்டணும்.”

கெங்கம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. கண்ணை மூடி, விரல் மடக்கி, மனப்பாடம் செய்தார். “மூடி உப்பினா, புஸ்ஸுன்னா, நொரச்சா, நாறினா, நெறம் மாறினா, மேல பூத்தா, வாயில வெக்காத, கொட்டு. சந்தேகமா கீதா? அப்பவும் கொட்டு.” நான் ஒரு பருவம் முழுக்கப் படித்ததை மூன்று மூச்சில் முடித்தார்.

இதையே ஒரு பக்கத்தில் எழுதி, நாடாவை அவிழ்த்து ஃப்ரிட்ஜை ஓடவிடுங்கள் என்று கடைசியில் சேர்த்து, மேடத்திடம் கொடுத்தேன். எல்லா மையத்துச் சுவரிலும் ஒட்டுவார்கள் என்று நினைத்தேன். என் ஒரு பக்கத்தைப் பரிசீலிக்க ஏழு பேர் கொண்ட குழு அமைத்தார்கள்.

குழுவின் முதல் கூட்டத்தில் தலைவர் பேசினார்.

“இந்தப் பொண்ணு ஆர்வமா எழுதியிருக்கு, பாராட்டறேன். ஆனா ‘கெட்டது’ங்கற வார்த்தை நம்ம கோப்புக்குள்ள வரக்கூடாது. கெட்டுப்போச்சுன்னு எழுதினா, எப்ப கெட்டுதுன்னு கேப்பான். அப்புறம் ஏன் கெட்டுதுன்னு கேப்பான். கடைசியில யாரால கெட்டுதுன்னு கேப்பான். அவ்வளவு தூரம் போற வார்த்தையை நாம ஏன் முதல்ல உள்ள விடணும்?”

எல்லோரும் மேசையைத் தட்டினார்கள். ‘முதிர்ச்சி’ என்ற சொல் ஒருமனதாக ஏற்கப்பட்டது. மூன்று நிலைகள்: இளமுதிர்ச்சி, முதிர்ச்சி, முழுமுதிர்ச்சி.

ஓய்வுபெற்ற உணவு வல்லுநர் கிருஷ்ணப்பன்தான் குழுவின் சுவை உறுப்பினர். நான் சாட்சியாகக் கொண்டுபோயிருந்த எர்ணாவூர் பாட்டிலை, வேண்டாம் சார் என்று நான் கத்துவதற்குள் திறந்து, அரை டம்ளர் குடித்தார். கண்ணை மூடினார். திறந்தார்.

“நல்லாத்தான் இருக்கு. லேசா ஒரு இது இருக்கு,” என்றார். இன்னும் அரை டம்ளர் ஊற்றிக்கொண்டார்.

அதன்பின் அவர் குழுவின் பணிகளில் மிகுந்த ஊக்கம் காட்டியதாகக் கூட்டக் குறிப்பில் உள்ளது. மறுநாள் அவர் விடுப்பு. காரணம், வெயில்.

இரண்டு வாரத்தில் சுற்றறிக்கை வந்தது. சாறு முழுமுதிர்ச்சி அடைந்ததாக ஐயம் எழுந்தால் மையப் பணியாளர் படிவம் பதினான்கை நிரப்பி அனுப்ப வேண்டும். மூவர் அடங்கிய அகற்றல் குழு நேரில் வந்து பார்த்து அனுமதி தரும். அகற்றல் குழு மூன்று மாதத்துக்கு ஒருமுறை கூடும். அதுவரை மேற்படி சாற்றை மேலும் முதிராமல் பத்திரமாகப் பாதுகாப்பது மையப் பணியாளரின் பொறுப்பு.

ஃப்ரிட்ஜைப் பற்றி ஒரு வரி இருந்தது. நாடாவின் நிறம் மங்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கெங்கம்மா படிவம் பதினான்கை ரிஃபானாவிடம் கொடுத்து வாசிக்கச் சொன்னாராம். முழுவதையும் கேட்டுவிட்டு, “நாறுதா இல்லியான்னு இதுல எங்கயும் கேக்கலியே,” என்றாராம். அதன்பின் ஜூன் மாதத்தில் மூன்று புதன்கிழமைகள், மூடி உப்பியதும், டின்னில் மீதி இருந்ததை மையத்துக்குப் பின்னால் இருக்கும் சாக்கடையில் கொட்டினார். மீதி இரண்டு நாளுக்கு, தன் வீட்டிலிருந்து கேழ்வரகு கொண்டுவந்து பிள்ளைகளுக்குக் கூழ் காய்ச்சி ஊற்றினார். அந்த மாதம் ஒரு பிள்ளைக்கும் வாந்தி இல்லை.

பெருமை தாங்காமல் மேடத்திடம் சொன்னேன்.

மேடத்தின் முகம் மலர்ந்தது. “அடிசக்கை. இத்தத்தான் பாப்பா நான் எதிர்பாத்தேன். இன்னா நடந்துச்சோ அப்படியே எழுது. ஃப்ரிட்ஜி மேட்டரு, வாந்தி மேட்டரு, எல்லாத்தையும் எழுது. ஆயா பேரு, கொட்டின தேதி, எத்தினி லிட்டரு, அத்தையும் போடு. அவங்களுக்கு ஒரு பாராட்டுக் கடிதம் வாங்கிடலாம்.”

நான்கு பக்கம் எழுதினேன். நாடாவைப் பற்றி ஒரு பக்கம். நாடா கட்டிய ஃப்ரிட்ஜுக்குப் பக்கத்தில் சாறு புளிக்கும் கொடுமையைப் பற்றி இரண்டு பக்கம். குழுவைப் பற்றி முக்கால் பக்கம். கெங்கம்மாவைப் பற்றி மூன்றே வரி. கீழே என் கையெழுத்து. ‘எ’வின் சுழியை நீட்டி, மொத்தப் பெயருக்கும் அடிக்கோடு போல இழுத்துவிடுவேன். பத்தாம் வகுப்பிலிருந்து அப்படித்தான்.

பத்தாவது நாள் கெங்கம்மாவுக்குக் குறிப்பாணை போனது. அதில் என் மூன்று வரிகள் மட்டும் இருந்தன. ‘அனுமதியின்றி வாரியச் சொத்தை மும்முறை சாக்கடையில் ஊற்றியமை. ஆதாரம்: தரக் கண்காணிப்பு உதவியாளரின் கையொப்பமிட்ட அறிக்கை.’ கோப்பில் என் மீதிப் பக்கங்களுக்கு நேராக, ‘பொருந்தாது’ என்று மேடம் தன் பச்சை மையில் எழுதியிருந்தார்.

அவர் அறைக்கு ஓடினேன்.

“பாராட்டுக் கடிதம்னு சொன்னீங்களே மேடம்.”

மேடம் நிமிர்ந்து பார்க்கவில்லை. “துறைரீதியான விசாரணை நடைபெற்று வருகிறது. இந்நிலையில் இது குறித்துக் கருத்துக் கூற இயலாது.”

முதல் முறையாக அவர் என்னிடம் அச்சடித்த தமிழில் பேசினார். பின்னால் தலைவர் ஜாடியோடு சிரித்துக்கொண்டிருந்தார்.

விசாரணை அன்று கெங்கம்மா நல்ல புடவை கட்டி, தலைக்குப் பூ வைத்து வந்திருந்தார். ஏதாவது கேட்டுவிட்டு அனுப்பிவிடுவார்கள் என்று நினைத்திருந்தார். சுவர் ஓரத்துப் பெஞ்சில் நான். தலைவர் நடுநாயகமாக உட்கார்ந்து கேட்டார்.

“முழுமுதிர்ச்சின்னு நீங்களா முடிவு பண்ணிக் கொட்டியிருக்கீங்க. முடிவு பண்ற அதிகாரத்தை உங்களுக்கு யார் குடுத்தது?”

“மூக்கு குடுத்துச்சு சார்.”

கிருஷ்ணப்பன் குனிந்து குறித்துக்கொண்டார். மையப் பணியாளருக்கான தகுதிப் பட்டியலில் மூக்கு இல்லை என்று பிறகு தீர்ப்பில் வந்தது.

“அம்மா,” என்றார் தலைவர், “நீங்க கொட்டினது நல்ல சாறா இருந்திருந்தா?”

“அப்ப ஒங்க சொத்து போயிருக்கும் சார். கெட்ட சாறா இருந்து குடுத்திருந்தா எங்க புள்ள போயிருக்கும்.”

“கெட்டன்னு சொல்லாதீங்க. குறிப்புல ஏறுது. சரி, கொட்டச் சொல்லி யார் சொல்லிக் குடுத்தது?”

கெங்கம்மா என்னைப் பார்த்தார். ஒரு விநாடிதான். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

“யாரும் சொல்லிக் குடுக்கல சார். எனக்கே தெரியும்.”

அப்போது சுகிர்தம் மேடம் கோப்பைத் திறந்து, என் பெயரையும் பதவியையும் சொல்லி, மூன்று வரிகளை உரக்க வாசித்தார். பிறகு காகிதத்தைக் கெங்கம்மாவின் முன்னால் வைத்து, கையெழுத்து இருந்த இடத்தில் விரலை வைத்துக் காட்டினார். கெங்கம்மா அதை வெகுநேரம் பார்த்தார்.

நான் எழுந்தேன். “சார், நான்தான் சொல்லிக்கொடுத்தேன்” என்று ஆரம்பித்தேன். “சாட்சி ஏற்கெனவே எழுத்துமூலம் பேசிவிட்டார். உட்காருங்கள்,” என்றார் மேடம்.

உட்கார்ந்தேன். அந்த வார்த்தையை அடித்துவிட்டு வேறு ஏதாவது போடலாமா என்று பார்க்கிறேன். வேறு இல்லை. உட்கார்ந்துதான் இருந்தேன்.

கெங்கம்மாவை வேலையிலிருந்து நீக்கினார்கள். படிக்கட்டில் அவரைப் பிடித்தேன். “அக்கா,” என்றேன்.

“எயுதத் தெரியாதவள எயுதியே அனுப்பிட்டியே எயிலு,” என்றார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. வாசலில் பஸ் வந்துவிட்டது, இறங்கிப் போய் ஏறிவிட்டார்.

அடுத்த மாதம் எனக்கு உத்தரவு வந்தது. ‘நேர்மையான அறிக்கையைப் பாராட்டி’ பணி நிரந்தரம். புதிய பதவி, திறப்பு அலுவலர். டின்களையும் பாட்டில்களையும் திறக்கும் தேதியைக் குறிப்பதற்காகக் கறுப்பு மார்க்கர் பேனா ஒன்றும் தந்தார்கள். அம்மா எம்.கே.பி. நகர் பிளாக் முழுக்க லட்டு கொடுத்தாள். வேலை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. லட்டும் தின்றேன்.

செப்டம்பரில் ஃப்ரிட்ஜுக்கு முகூர்த்தம் கிடைத்தது. எர்ணாவூர் மையத்து வாசலில் வாழைமரம் கட்டியிருந்தார்கள். உள்ளே, ஃப்ரிட்ஜுக்குப் பின்சுவரில், அலுவலகத்துப் போஸ்டரையே பத்து அடிக்குப் பெரிதாக்கி மாட்டியிருந்தார்கள். திறப்பு அலுவலர் என்ற முறையில் நான்தான் கத்தரிக்கோல் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஜன்னல் கம்பிக்கு வெளியே கூட்டம். அதில் ரிஃபானா. அவள் பக்கத்தில் கெங்கம்மா.

தலைவர் பேசினார். “ஏழு மாசம் பொறுமையா காத்திருந்தோம். ஏன்? எதையும் முறைப்படி செய்யறவங்க நாங்க. இந்தக் கதவு இன்னைக்குத்தான் முதன்முதலா திறக்கப் போகுது. உள்ளே என்ன இருக்கு தெரியுமா? உங்க பிள்ளைங்களோட எதிர்காலம் இருக்கு!”

நாடாவை வெட்டினார். கைதட்டல். கைப்பிடியை இழுத்தார்.

முதலில் வாடைதான் வந்தது. முன்வரிசை அப்படியே பின்வரிசை மேல் சாய்ந்தது. நாதஸ்வரக்காரர் மூச்சை இழுத்தவர் விடவில்லை. நடுத்தட்டில் ஒரு கண்ணாடி ஜாடி இருந்தது. நீல மூடி தெறித்து ஓரமாகக் கிடந்தது. உள்ளே இருந்தது கறுப்பு. மேலே பச்சையும் வெள்ளையுமாகக் கம்பளி போர்த்திய மாதிரி பூஞ்சை. பொங்கி வழிந்தது காய்ந்து, தட்டிலிருந்து தட்டுக்குப் பழுப்பாக இறங்கியிருந்தது. அதன்மேல் எறும்புகள் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தன.

“காலிப் பொட்டின்னு நெனச்சேன் நைனா,” என்று ஜன்னலுக்கு வெளியே கெங்கம்மாவின் குரல் கேட்டது.

தலைவர் கைக்குட்டைக்குள்ளிருந்து கத்தினார். “யாருய்யா இதை உள்ள வெச்சது?”

எல்லோரும் சுவரைப் பார்த்தார்கள். அங்கே பத்து அடி உயரத்தில், நீல மூடி போட்ட ஜாடியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்துக்கொண்டே தலைவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

கிருஷ்ணப்பன் எட்டிப் பார்த்தார். “நாலாம் நிலை சார். நம்ம படிவத்துல மூணு வரைக்கும்தான் இருக்கு. திருத்தம் கொண்டுவரணும்.” டம்ளர் கேட்கவில்லை.

சுகிர்தம் மேடம்தான் முதலில் சுதாரித்தார். கதவை இடுப்பால் இடித்துச் சாத்தினார். கீழே கிடந்த நாடாத் துண்டுகளைப் பொறுக்கினார். “சார், இன்னைக்கு நடந்தது ஒத்திகைன்னு குறிப்புல போட்டுக்கலாம். விழாவுக்கு வேற தேதி பார்க்கலாம்,” என்றார். பிறகு நாடாவின் ஒரு முனையை என்னிடம் நீட்டி, குரலைத் தாழ்த்தி, பழைய பாசத்தோடு சொன்னார்.

“இந்தப் பக்கம் புடி பாப்பா. சீக்கிரம் முடிச்சி போட்டுடலாம். மீதிய நான் பாத்துக்குறேன்.”

தட்டைத் தரையில் வைத்தேன். மேடத்தின் கை நாடாவோடு நீட்டியபடியே இருந்தது. மார்க்கர் பேனாவைத் திறந்து, ஃப்ரிட்ஜின் வெள்ளைக் கதவில், ஜன்னல் வரை தெரிகிற அளவுக்குப் பெரிதாக எழுதினேன்.

‘திறந்த நாள்: பிப்ரவரி 2. உள்ளே வைத்தவர்: தலைவர். கொட்டச் சொன்னது: நான். கொட்டியதற்காக வேலை இழந்தவர்: கெங்கம்மா. சாற்றின் நிலை: கெட்டது.’

கீழே சுழியை நீட்டிக் கையெழுத்துப் போட்டேன். மேடம் தன் புடவைத் தலைப்பால் ‘கெட்டது’ என்பதை மட்டும் தேய்த்துப் பார்த்தார். அது அழியாத மார்க்கர். வாரியமே வாங்கித் தந்தது.

ஜன்னல் பக்கம் பார்த்தேன். ரிஃபானா ஒவ்வொரு வரியாக உரக்கப் படித்துச் சொல்லிக்கொண்டிருந்தாள். வெளியே கைதட்டினார்கள். கெங்கம்மா தட்டவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு, கதவின் அடியில் இருந்த சுழியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“கையெயுத்து நல்லாத்தான் கீது,” என்றார். “அன்னிக்கு எஞ் சீட்டுலயும் இதேதான் இருந்துச்சு.”